மலைமேல் ஓர் ஊர்: மேல்கோட்டையின் கட்டடங்களும் மக்கள் வாழ்வும்

கட்டடக்கலை என்றவுடன் நம்மில் பலருக்குத் தஞ்சைப் பெரிய கோயிலோ ஆக்ராவின் தாஜ்மகாலோ நினைவுக்கு வருகிறது. தூணின் வேலைப்பாடு, விமானத்தின் உயரம், கட்டிய மன்னனின் பெயர் என்ற அளவில் பேச்சு நின்றுவிடுகிறது. ஒரு கட்டடம் தன்னுள் புகும் மனிதனின் நடையையும் பார்வையையும், பிறரோடு அவன் பழகும் முறையையும் எவ்வாறு மாற்றுகிறது என்பதும் அக்கலையைச் சேர்ந்த கேள்வியே அன்றோ? அதனை ஆராய்வதற்கு மைசூருக்கு வடக்கே ஏறத்தாழ 50 கிலோமீட்டர் தொலைவில் மலைமேல் அமைந்துள்ள மேல்கோட்டை மிகவும் ஏற்ற ஊராகும்.

கர்நாடகத்தின் மாண்டியா மாவட்டத்தைச் சேர்ந்தது இவ்வூர். 1939ஆம் ஆண்டில் அம்மாவட்டம் தனியே அமையும்வரை மைசூர் மாவட்டத்தில் இருந்தது. வைணவ நூல்கள் இதனைத் திருநாராயணபுரம் என்று போற்றும். ஹொய்சள மன்னன் விஷ்ணுவர்த்தனன் காலத்தில், 12ஆம் நூற்றாண்டில், இராமாநுசர் இங்கு வந்து பல்லாண்டுகள் தங்கினார். பன்னிரண்டு ஆண்டுகள் என்பது மரபு. அவர் வழியில் வந்த குடும்பங்கள் பல, சுற்றிலும் கன்னடம் வழங்க, வீட்டிற்குள் தமிழையே பேசி வந்திருக்கின்றன. பல நூற்றாண்டுகள் இடியாமல் நின்ற அந்த மொழியும் ஒரு கட்டடந்தான். ஆயினும் நம் பேச்சு கல்லையும் மண்ணையும் பற்றியது.

மேல்கோட்டையின் முதற் கட்டடக் கலைஞன் அந்தப் பாறையே எனலாம். தென் கருநாடகத்தின் இப்பாறைகள் 250 கோடி ஆண்டுகளுக்கு மேற்பட்ட பழமை வாய்ந்தவை. நீரை உறிஞ்சாத கல். மண்ணோ மிகக் குறைவு. ஆண்டு முழுவதும் பெய்யும் மழை ஏறத்தாழ 700 மில்லிமீட்டர்தான். இத்தகைய மலையுச்சியில் ஓர் ஊர் பிழைத்திருக்க முடியுமா என்ற ஐயம் எழுவது இயல்பு. சிறிய கணக்கு ஒன்று அதற்கு விடை கூறும். ஓர் ஏக்கர் பரப்புள்ள வெறும் பாறைமீது ஓரங்குல மழை பெய்தால், அதன்மீது விழும் நீர் ஒரு லட்சம் லிட்டருக்குக் குறையாது. பயிருக்கு உதவாத பாறை, குளத்திற்குப் பேருதவி புரிகிறது! இதனை உணர்ந்தவர்கள் நீர் வழிந்தோடும் இடமெல்லாம் குளம் வெட்டினார்கள். இங்கு நூற்றெட்டுக் குளங்கள் உண்டென்பது ஊர் வழக்கு. அவற்றுள் அக்கா தங்கைக் குளங்கள் என்னும் இரட்டைக் குளங்கள் அடுத்தடுத்து இருக்கின்றன. ஒன்றன் நீரைக் குடிப்பதற்கும் மற்றதன் நீரைப் பிற வேலைகளுக்கும் மக்கள் பயன்படுத்தி வந்தனர்.

குளங்களுள் தலையாயது கல்யாணி. நாற்புறமும் படிகள், கரையில் தூண் மண்டபங்கள். நீர் எவ்வளவு தாழ்ந்தாலும் படிகள் வழியே அதனிடம் இறங்கிச் செல்லலாம். எவ்வளவு உயர்ந்தாலும் மண்டப நிழலில் அமர்ந்து காணலாம். இதில் நான் பெரிதும் வியப்பது வேறொன்று. நேற்று நனைந்திருந்த படி இன்று உலர்ந்திருப்பதைத் துவைக்க வந்த பெண்ணும் காண்கிறாள், நீராட வந்த முதியவரும் காண்கிறார். ஊரின் நீர்க்கணக்கு ஊரார் அனைவர் கண்ணெதிரிலும் கல்லில் எழுதப்பட்டுக் கிடக்கிறது. குழாயைத் திருகி நீர் பெறும் நகரவாசிக்கு, நீர் நின்றுபோன காலையில்தான் செய்தி தெரிகிறது.

குளக்கரையிலிருந்து நிமிர்ந்து பார்த்தால் யோக நரசிம்மர் கோயில் குன்றின் முடியில் தெரியும். மலையை வெட்டிச் சமன் செய்யாமல், அதன் போக்கிற்கு இசையப் படிகளை அமைத்துள்ளனர். ஏறுவோன் களைக்கும் இடங்களில் மண்டபம் நிற்கிறது. அங்கு அவன் அமர்கிறான், காற்று வருகிறது, கீழே ஊரும் குளமும் சிறுத்துத் தோன்றுகின்றன. ஆன்மிக உணர்வு என்று நாம் சொல்வதில் ஒரு பங்கு, இவ்வாறு உடல் பட்ட களைப்பும் அது நீங்கிய இன்பமும் ஆகும் என்று கூறினால் பக்தர்கள் சினம் கொள்ளமாட்டார்கள் என நம்புகிறேன்.

ஊருக்குள் உள்ள திருநாராயணர் கோயிலில் நேர்மாறான அனுபவம். அங்கு ஏற்றம் இல்லை, குறையும் ஒளி இருக்கிறது. வெயிலிலிருந்து மண்டபம், மண்டபத்திலிருந்து உள் மண்டபம், அதன்பின் கருவறை என ஒவ்வொரு கட்டத்திலும் வெளிச்சம் குன்றுகிறது. மனிதக் கண் இருளுக்கு முழுமையாகப் பழக 20 முதல் 30 நிமிடங்கள் ஆகும். மெல்ல நடந்து, தூண்களிடையே காத்து நிற்பவனுக்குக் கண் பழகிவிடுகிறது. சிறு விளக்கின் சுடரே போதுமானதாகிறது. கருவறைக்கு வெளியே பளீரென்ற மின்விளக்குகளைப் பொருத்துவோர் இதனைச் சற்று நினைக்கலாம்.

வீடுகளுக்கு வருவோம். தெருவை நோக்கிய திண்ணை, நடுவே வானம் தெரியும் முற்றம், தடித்த சுவர், ஓட்டுக்கூரை என்பது பழைய வீடுகளின் அமைப்பு. முற்றத்தைச் சுற்றி எழுந்த வீட்டைக் கன்னடத்தில் தொட்டி மனை என்பர். தடித்த சுவர் பகல் வெப்பத்தை ஏற்று, பல மணி நேரம் தாமதித்தே உள்ளே விடுகிறது. முற்றத்தின் வழியே சூடான காற்று மேலெழுந்து வெளியேறுகிறது. 1939 முதல் 1948 வரை மைசூர் சமஸ்தானத்தின் தலைமைக் கட்டடக் கலைஞராக இருந்த ஜெர்மானியர் ஆட்டோ கோனிக்ஸ்பெர்கர், வெப்ப நாட்டு வீடமைப்பை அறிவியல் முறையில் ஆராய்ந்து புகழ்பெற்றவர். நிழல், காற்றோட்டம், சுவரின் கனம் என அத்துறை இன்று கணக்கிட்டுக் கூறும் பலவற்றைத் தொட்டி மனையைக் கட்டிய கொத்தனார் கைப்பழக்கத்தால் அறிந்திருந்தார். ஆனால் பழைய வீடுகளைப் புகழ்ந்துகொண்டே போவதும் நேர்மையாகாது. சமையலறையின் புகையும் இருட்டும் பெண்களின் கண்ணைக் கெடுத்தன. அந்த அறையில் நாளெல்லாம் நின்றவர்களைக் கேட்டுக் கட்டிய வீடு எங்கும் அரிது.

சுவருக்கு இன்னொரு வேலையும் உண்டு. அது மனிதரைத் தடுத்து நிறுத்துவது. ஒதுக்கப்பட்டிருந்த மக்களுக்குத் திருக்குலத்தார் என்று பெயரிட்டு, திருவிழாவின் குறிப்பிட்ட நாட்களில் கோயிலுக்குள் வரும் உரிமையை இராமாநுசர் அளித்தார் என்பது மேல்கோட்டை மரபு. அக்காலத்திற்கு அது பெரும் புரட்சி. எனினும் ஆண்டில் சில நாள் திறந்த வாயில் மற்ற நாட்களில் அவர்களுக்கு மூடியே இருந்தது. 1950ஆம் ஆண்டில் நடைமுறைக்கு வந்த அரசியலமைப்பின் 17ஆம் பிரிவு தீண்டாமையை ஒழித்தது. ஒரே மண்டபம், ஒரே தூண். உள்ளே நின்றவனுக்கு நிழலாகவும் வெளியே நின்றவனுக்கு அரணாகவும் இருந்தன. கட்டடத்தின் அனுபவத்தைப் பேசும் நூல்கள் பெரும்பாலும் உள்ளே நின்றவனையே பேசுகின்றன.

இன்று சிமெண்டு வந்துவிட்டது. மெல்லிய கான்கிரீட் கூரை வெயிலை விரைவில் உள்ளே இறக்குகிறது. மின்விசிறி அந்தச் சூட்டையே சுழற்றுகிறது. இதைவிடக் கவலைக்குரியது குளங்களின் செய்தி. குளத்தைத் தூர்வாரிப் படிகளைச் செப்பனிட்டால் போதும் என்று பலர் எண்ணுகின்றனர். குளம் என்பது நான்கு கரைக்குள் அடங்கியதன்று. மேலே உள்ள பாறைச் சரிவும் அங்கிருந்து நீர் வரும் வாய்க்காலும் சேர்ந்ததே குளம். வாய்க்காலின்மீது ஒரு சுவரையோ சாலையையோ எழுப்பிவிட்டால், மிக அழகிய படிகளும் வெறும் படிகளே.

ஊரின் ஒரு புறத்தில் ராயகோபுரம் நிற்கிறது. விசயநகரப் பாணியில் தொடங்கி முற்றுப்பெறாமல் நின்றுபோன வாயில். நெடிய கல் தூண்கள் உண்டு, மேலே கோபுரம் இல்லை. ஓரிரவில் கட்ட முயன்றதாகக் கதை சொல்வார்கள். இங்குக் கதவும் இல்லை, தடுப்பாரும் இல்லை. ஆடு மேய்ப்பவரும் படம்பிடிக்க வருபவரும் அந்தத் தூண்களிடையே ஒரே காற்றில் நிற்கிறார்கள்.