வாஸ்னா மதகுக்குக் கீழே ஒரு சபர்மதி

அகமதாபாத்தின் ஆசிரமச் சாலையில் ஆலை அதிபர்கள் சங்கத்துக்காக லெ கார்பூசியே கட்டிக் கொடுத்த கட்டடம் இருக்கிறது. 1954-ல் முடிந்தது. வாசல் சாலைப் பக்கம் இருந்தாலும் கட்டடத்தின் கண்கள் ஆற்றைத்தான் பார்க்கின்றன. அன்று அங்கே நின்றால், சபர்மதி மணலில் சாயத் துணிகளை அலசிப் பிழிந்து நீளநீளமாக விரித்துக் காயப்போடும் ஆட்கள் தெரிவார்கள். பக்கத்திலேயே கழுதைகள் நிற்கும், பாதி உடம்பை நனைத்தபடி எருமைகள் கிடக்கும். அந்தக் காட்சி தெரிய வேண்டும் என்றே அவர் அந்தப் பக்கத்தைத் திறந்துவைத்தார். பஞ்சும் நூலும் சாயமும்தான் இந்த ஊர் என்பது அவருக்குத் தெரிந்திருந்தது.

இன்று அங்கே சிமென்ட் கரை, நடைபாதை, கரை தொட்டு நிற்கும் தண்ணீர். செத்துப்போன ஆலை நகரம் ஆற்றோரமாக உயிர்த்தெழுந்த கதையாக நாடு முழுக்க இதைச் சொல்கிறார்கள். எந்த ஊரில் நதிக்கரைத் திட்டம் என்று பேச்செடுத்தாலும் சபர்மதியின் படம் வந்துவிடுகிறது. அந்தப் படத்தின் சட்டத்துக்கு வெளியே விட்டவை என்னென்ன என்பதுதான் என் கவலை.

1918-ல் இங்கே நடந்த ஆலைத் தொழிலாளர் வேலைநிறுத்தம், காந்தியின் உண்ணாவிரதம், 35 சதவீதக் கூலி உயர்வு எல்லாம் பாடப்புத்தகத்தில் படித்தவை. சரிவுக்கு வருவோம். 1861-ல் ரஞ்சோட்லால் சோட்டாலால் முதல் ஆலையை ஓட்டிய நாளிலிருந்து நூற்றிருபது ஆண்டுகள் கிழக்குக் கரையின் வானத்தைப் புகைபோக்கிகள் ஆண்டன. 1980-களில் ஒன்றன்பின் ஒன்றாகப் புகை நின்றது. நூற்பும் நெசவும் சாயமும் ஒரே கூரையின் கீழ் நடந்த பெரிய ஆலைகளால் விசைத்தறிப் பட்டறைகளின் மலிவுக் கூலியோடு போட்டி போட முடியவில்லை. பாலியஸ்டர் வந்து பருத்தியின் இடத்தைப் பிடித்தது. பழைய இயந்திரங்களை மாற்ற முதலாளிகள் பணம் போடவில்லை. பத்துப் பதினைந்து ஆண்டுகளில் ஏறத்தாழ ஒரு லட்சம் பேர் வேலையிழந்தார்கள்.

கோம்திபூர் பக்கத்தில் ஆலைத் தொழிலாளர்கள் வாழ்ந்த ‘சால்’ எனும் வரிசை வீடுகளில் அதற்குப் பின் நடந்ததை ஆய்வாளர்கள் விரிவாகப் பதிவு செய்திருக்கிறார்கள். நிரந்தர வேலையும் வருங்கால வைப்புநிதியும் வைத்திருந்த நெசவாளி ஆட்டோ ஓட்டினார், தள்ளுவண்டி பிடித்தார், இரவுக் காவலுக்குப் போனார். வீட்டுப் பெண்கள் ஊதுபத்தி உருட்டினார்கள், பட்டம் ஒட்டினார்கள், கூலிக்குப் பாவாடை தைத்தார்கள். ஆலை தர வேண்டிய பாக்கிக்காகப் பலர் ஆண்டுக்கணக்கில் அலைந்தார்கள், கைக்கு வருமுன்பே சிலர் இறந்தும்போனார்கள். மில் வேலையை நம்பி மணிநகர், கோக்ரா பக்கம் குடியேறிய தமிழ்க் குடும்பங்களும் இதே கணக்கில் சேர்த்தி. அவர்களுடைய பிள்ளைகள் படித்த தமிழ்வழிப் பள்ளி, மாணவர் எண்ணிக்கை குறைந்துவிட்டது என்று 2020-ல் மூடப்பட்டபோதுதான் அந்த ஊரில் இத்தனை தமிழர்கள் இருப்பதே நம்மில் பலருக்குத் தெரிந்தது.

வேலை போனவர்களுக்கும் வெளியூரிலிருந்து பிழைக்க வந்தவர்களுக்கும் ஆற்றங்கரை குடிசை போட இடம் கொடுத்தது. அப்போது ஆற்றில் ஆண்டின் பெரும்பகுதி தண்ணீர் இல்லை. மணலில் காய்கறி பயிரிட்டார்கள், துணி வெளுத்தார்கள், ஞாயிற்றுக்கிழமை குஜரி சந்தையில் பழைய இரும்பு, கட்டில், புத்தகம் என்று கிடைத்ததையெல்லாம் விற்றார்கள். பிறகு வந்தது நதிக்கரைத் திட்டம். அதற்கான நிறுவனம் 1997-ல் உருவாகி, 2005-ல் வேலை தொடங்கி, 2012-ல் நடைபாதை திறந்தது. ஆறு ஒரே சீராக 263 மீட்டர் அகலத்துக்குள் அடக்கப்பட்டு, 200 ஹெக்டேருக்கு மேல் புது நிலம் கிடைத்தது. பத்தாயிரத்துக்கும் மேற்பட்ட குடும்பங்கள் அடுக்குமாடி வீடுகளுக்கு மாற்றப்பட்டன. அவற்றில் பல வட்வா, ஓடவ் போன்ற நகர விளிம்புகளில் இருக்கின்றன. நாலு வீட்டில் பாத்திரம் தேய்க்கும் பெண்ணுக்கு நடந்து போகிற தூரத்தில் இருந்த வேலை, பஸ் கட்டணத்தில் பாதிக் கூலியைத் தின்னும் தூரத்துக்குப் போய்விட்டது.

யாரும் காசில்லாமல் உலாவ ஒரு பொது இடம் கிடைத்தது, வெள்ளத்துக்குக் கரை கிடைத்தது, குடிசைக்குப் பதில் கல்வீடு கிடைத்தது என்று திட்டத்தை ஆதரிப்பவர்கள் சொல்கிறார்கள். அதில் உண்மை இருக்கிறது.

ஆனால் தண்ணீர்? நடைபாதையிலிருந்து பார்க்கும் தண்ணீர் நர்மதையுடையது. நகருக்கு வடக்கே சபர்மதியைக் கடக்கும் நர்மதைக் கால்வாயிலிருந்து அது திறந்துவிடப்படுகிறது. தெற்கே 1976-ல் கட்டிய வாஸ்னா தடுப்பணை அதைத் தேக்கி நிறுத்துகிறது. படத்தில் வருவது இந்த இரண்டுக்கும் இடைப்பட்ட குளம்தான். முன்பு கரையெங்கும் ஆற்றில் விழுந்த சாக்கடையை இப்போது கரையோரக் குழாய்கள் வாங்கித் தெற்கே வாஸ்னா, பிரானா சுத்திகரிப்பு நிலையங்களுக்குக் கொண்டுபோகின்றன. நகருக்குள் ஆறு நாறாமல் இருப்பது இதனால்தான். ஆனால் வாஸ்னா தடுப்பணையின் மதகைத் தாண்டினால் ஆற்றில் நர்மதை கிடையாது. சுத்திகரித்ததும் சுத்திகரிக்காததுமாக நகரத்தின் கழிவே அங்கே ஓடுகிறது.

அதோடு சாயமும் சேர்கிறது. ஆலைகள் மூடியதோடு துணித் தொழில் இந்த ஊரைவிட்டுப் போய்விடவில்லை. நரோல், டானிலிம்டா பக்கத்துச் சாயப்பட்டறைகளாகச் சிதறியது. சங்கமும் நிரந்தர வேலையும் போயின, சாயக் கழிவு மட்டும் தங்கிவிட்டது. வட்வா, ஓடவ் தொழிற்பேட்டைகளின் ரசாயனமும் குழாய் வழியே கீழ்ச் சபர்மதிக்குத்தான் வருகிறது. ஆற்றங்கரையிலிருந்து வட்வாவுக்குப் போன குடும்பங்களுக்கு இப்போது இந்தத் தொழிற்பேட்டைதான் அக்கம்பக்கம். மேல்கரையை அழகாக்கிய ஊர், தன் உழைப்பாளியையும் அழுக்கையும் ஒரே திசையில் அனுப்பிவைத்திருக்கிறது.

மத்திய மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் 2022-ல் வெளியிட்ட பட்டியலில், நாட்டிலேயே மிக மோசமாக மாசுபட்ட ஆறுகளில் சபர்மதிக்கு இரண்டாம் இடம். நீரின் அழுக்கைக் காட்டும் உயிர்வேதி ஆக்சிஜன் தேவை லிட்டருக்கு 292 மில்லிகிராம். குளிக்கத் தகுந்த தண்ணீரில் அது 3-ஐத் தாண்டக் கூடாது. முதலிடம் 345 மில்லிகிராமோடு நம் கூவத்துக்கு. 2021-ல் குஜராத் உயர் நீதிமன்றம் தானாகவே இந்த விவகாரத்தை வழக்காக எடுத்துக்கொண்டது.

நொய்யல் பக்கத்து விவசாயியிடம் இதை விளக்கத் தேவையில்லை. திருப்பூர்ச் சாயம் ஒரத்துப்பாளையம் அணையில் தேங்கி நிலத்தைக் கெடுத்ததை அவர் பார்த்தவர். சபர்மதியின் கீழ்க்கரைக் கிராமங்களில் இந்தத் தண்ணீரை மோட்டார் வைத்து இறைத்துத்தான் பயிர் செய்கிறார்கள், வேறு தண்ணீர் இல்லை. இன்னும் கீழே, சபர்மதியும் வாத்ரக்கும் கூடும் வௌதாவில் கார்த்திகைப் பௌர்ணமிக்குத் திருவிழா. கழுதைச் சந்தைக்குப் பேர்போன விழா அது. ஏழு ஆறுகள் கூடுமிடம் என்று நம்பி மக்கள் முங்கிக் குளிக்கிறார்கள். நகரம் கைகழுவிய தண்ணீரில் அவர்கள் புண்ணியம் தேடுகிறார்கள் என்பதை நினைத்தாலே நெஞ்சு பதறுகிறது.

நதிக்கரைத் திட்டத்தின் இரண்டாம் கட்டம் வடக்கே இந்திரா பாலத்தை நோக்கி, அதாவது தண்ணீர் நன்றாக இருக்கும் பக்கமே நீள்கிறது. கூவத்துக்கும் அடையாற்றுக்கும் கரை கட்டித் தர விரும்புகிறவர்கள் சபர்மதியைப் பார்க்கத் தாராளமாகப் போகட்டும். ஆற்றின் மேலுள்ள அடல் நடைபாலத்தில் படமெடுத்துக்கொண்டு திரும்பிவிடாமல், வாஸ்னா மதகைக் கடந்து தெற்கே சில கிலோமீட்டர் போகட்டும். அங்கே வயலுக்குத் தண்ணீர் இறைத்துக்கொண்டிருப்பவரிடம் நின்று பேசிவிட்டு வந்து, அதன்பிறகு வரைபடத்தை விரிக்கட்டும்.