மடியில் பாப்பா... டி.வி.யில் படம்!

"குழந்தை பிறந்ததிலேர்ந்து ஒரு படம்கூட பார்க்கலை!" என்று அலுத்துக்கொள்ளும் இளம் தாய்மார்கள் உண்டு. தாராளமாகப் பாருங்கள். ஆனால், படம் உங்களுக்குத்தான்; பாப்பாவுக்கு அல்ல. ஒரு வயது நிரம்பாத குழந்தைக்குத் திரையே வேண்டாம் என்று 2019-ல் உலக சுகாதார நிறுவனம் சொல்லிவிட்டது. பிறந்த குழந்தைக்கு ஓரளவு தெளிவாகத் தெரிவதே 20, 30 செ.மீ. தூரம்தான். அதாவது, பால் குடிக்கும்போது அம்மாவின் முகம்! அதனால் பாப்பாவின் முகம் உங்கள் பக்கம், முதுகு டி.வி. பக்கம் இருக்கட்டும்.

சரி, காது கேட்குமே? திடீர் சத்தம் கேட்டால் பச்சைக் குழந்தைக்குத் தூக்கிவாரிப் போடும். கையை விரித்து வீறிடும். வெடி, துரத்தல், அலறல் எல்லாம் இப்போதைக்கு வேண்டாம். ஜப்பானிய இயக்குநர் மியாசாகி 1988-ல் எடுத்த 'மை நெய்பர் டோட்டோரோ' மாதிரி, வில்லனே இல்லாத படமாகத் தேர்ந்தெடுங்கள். 86 நிமிஷம்தான். (டோட்டோரோ அவ்வப்போது கர்ஜிக்கும், வால்யூம் குறைவாகவே இருக்கட்டும்!) நடுவில் பாப்பா சிணுங்கினால் டி.வி.யை அணைத்துவிடுங்கள். மீதியை நாளைக்குப் பார்த்துக்கலாம்.