சாயாதே... விழாதே! ஏலமலைச் சரிவிலும் டெலிவிஷன் முன்னாலும் ஒரே வித்தை

போடிநாயக்கனூர்,

பொழுது விடியும் முன்பே போடியில் ஜீப்புகள் உறும ஆரம்பித்துவிடும்.

தலையில் துண்டு. கையில் தூக்குச்சட்டி. பெண்கள் ஏறி நெருக்கி உட்காருவார்கள். போடிமெட்டு மலைப்பாதையில் 17 கொண்டை ஊசி வளைவுகள். அதைத் தாண்டினால் கேரள எல்லை. பூப்பாறை, சாந்தம்பாறை பக்கத்து ஏலத்தோட்டங்களில் இறங்கினால், எங்கே பார்த்தாலும் சரிவுதான்!

மழைக் காலத்தில் மண் குழைந்து கிடக்கும். அதன்மேல் அழுகிய இலைச் சருகு. கால் வைத்தால் வழுக்கும்.

ஏலக்காய் செடியின் உச்சியில் காய்ப்பதில்லை. அடித்தூரிலிருந்து தரையோடு தரையாகப் படரும் சரத்தில்தான் காய்க்கும். அதனால் காய் எடுக்கிறவர் குத்தவைத்து உட்கார வேண்டும். ஒரு கால் மேட்டில், ஒரு கால் பள்ளத்தில். முற்றிய காய் எது, பிஞ்சு எது என்று பார்த்துப் பறிப்பதில் இரண்டு கையும் மும்முரம். பிடித்துக்கொள்ள ஒரு கொம்பு கிடையாது.

அந்த இடத்தில் ஆளைக் காப்பாற்றுவது ஒன்றே ஒன்றுதான். பாலன்ஸ்!

இதே பாலன்ஸை வீட்டுக் கூடத்தில், டெலிவிஷன் பெட்டிக்கு முன்னால், ஒரு பலகைமேல் ஏறி நின்று பழக வைத்தது ஒரு ஜப்பான் விளையாட்டு. பெயர் 'வீ ஃபிட்'. உலகம் பூராவும் 2 கோடியே 26 லட்சம் விற்றது!

மலைச் சரிவில் காய் எடுக்கும் அம்மாவுக்கும், ஏ.சி. அறையில் பலகைமேல் ஆடும் பிள்ளைக்கும் என்ன சம்பந்தம்?

இருக்கிறது. அதுதான் கதை.

எடை பார்த்ததில் பிறந்த யோசனை

ஜப்பானில் கியோட்டோ நகரத்துக் கம்பெனி நின்டெண்டோ. 1889-ல் சீட்டுக்கட்டு தயாரிக்க ஆரம்பித்த கம்பெனி அது. பிற்காலத்தில் வீடியோ விளையாட்டில் கொடிகட்டிப் பறந்தது.

அந்தக் கம்பெனியின் தலைசிறந்த விளையாட்டு அமைப்பாளர் ஷிகெரு மியமோட்டோ. இவருக்கு ஒரு பழக்கம். வீட்டில் தினமும் எடை பார்ப்பார். குறித்து வைப்பார். ஏறினால் வருத்தம், இறங்கினால் சந்தோஷம். 'இதையே ஒரு விளையாட்டாக்கினால் என்ன?' என்று யோசித்தார்.

ஜப்பானில் சுமோ பயில்வான்கள் உண்டு. மலை மாதிரி ஆட்கள். ஒரு எடை மெஷின் அவர்களுக்குக் காணாது. இரண்டு மெஷினை வைத்து, ஒன்றில் ஒரு காலும் இன்னொன்றில் ஒரு காலுமாக நிறுத்தி எடை பார்ப்பார்களாம். அதிலிருந்து கிடைத்தது அடுத்த யோசனை. இடது காலில் எவ்வளவு பாரம், வலது காலில் எவ்வளவு பாரம் என்று தனித்தனியாகத் தெரிந்துவிட்டால், ஆள் எந்தப் பக்கம் சாய்கிறார் என்று சொல்லிவிடலாமே!

2007 டிசம்பர் 1-ந்தேதி ஜப்பானில் விளையாட்டு விற்பனைக்கு வந்தது.

நாலு மூலைக்கு நாலு தராசு

பலகை ஆடாது, அசையாது. பார்க்க வெள்ளை நிறத்தில் ஒரு மணை மாதிரி இருக்கும். ஆனால் உள்ளே, நாலு மூலையிலும் நாலு உணர்கருவிகள். கடைக்காரர்களுக்குப் புரிகிற மாதிரி சொன்னால், நாலு மூலைக்கு நாலு தராசு!

ஆள் ஏறி நின்றதும் நாலு தராசும் நாலு கணக்குச் சொல்லும். நாலையும் சேர்த்துப் பார்த்து, உடம்பின் பாரம் எந்தப் புள்ளியில் இறங்குகிறது என்று டெலிவிஷன் திரையில் காட்டிவிடும்.

அப்போதுதான் பலருக்குத் தூக்கிவாரிப் போடும். நேராக நிற்கிறோம் என்று நினைத்துக்கொண்டிருப்பார்கள். புள்ளியோ ஒரு பக்கமாக ஒதுங்கி நிற்கும்! ஒரு காலிலேயே பாரம் போட்டு நிற்கும் பழக்கத்தைப் பலகை காட்டிக்கொடுத்துவிடும்.

அதோடு விடாது. சில சோதனைகள் வைத்து, 'உங்கள் உடம்பின் வயது இத்தனை' என்றும் சொல்லும். முப்பது வயதுக்காரரைப் பார்த்து ஐம்பது என்று சொல்லி மானத்தை வாங்குவதும் உண்டு!

உண்டியல் நிறைந்தால் பூட்டுத் திறக்கும்

விளையாட்டை வாங்கியவுடன் எல்லா ஆட்டத்தையும் ஆடிவிட முடியாது. சிலது மட்டும் திறந்திருக்கும். மற்றதெல்லாம் பூட்டு.

சாவி எங்கே? காசு கொடுத்து வாங்கும் சாவி அல்ல. திரையில் ஒரு பன்றிக்குட்டி உண்டியல் இருக்கும். பலகைமேல் நின்று பயிற்சி செய்யும் ஒவ்வொரு நிமிடமும் அந்த உண்டியலில் சேரும். நிமிடங்கள் சேரச் சேர, பூட்டிக் கிடந்த ஆட்டங்கள் ஒவ்வொன்றாகத் திறக்கும். பழகப் பழக, கடினமான சுற்றுகளும் கிடைக்கும்.

ஜெயித்தால்தான் பூட்டுத் திறக்கும் என்ற நிபந்தனை கிடையாது. தோற்றுக்கொண்டே இருந்தாலும், நின்ற நேரத்துக்குக் கூலி உண்டு!

பாலன்ஸ் ஆட்டங்களில் சில:

பந்தை முட்டும் ஆட்டம். எதிரே வரும் கால்பந்தைச் சாய்ந்து தலையால் முட்ட வேண்டும். நடுநடுவே பூட்சும் கரடித் தலையும் பறந்து வரும். அது பட்டால் மார்க் போச்சு!

பனிச்சறுக்கு. இரண்டு இரண்டு கொடிகளுக்கு நடுவே வளைந்து வளைந்து இறங்க வேண்டும். முன்னால் சாய்ந்தால் வேகம். ஒரு கொடியை விட்டால் தண்டனை.

கயிற்றில் நடப்பது. நம்ம ஊர் கழைக்கூத்தாடி வித்தைதான். இரண்டு கட்டடத்துக்கு நடுவே கயிறு. பலகையில் மாறி மாறிக் கால் அழுத்தி நடக்க வேண்டும்.

பலகையைச் சாய்த்துக் குண்டுகளைக் குழியில் தள்ளும் ஆட்டம். பனிக்கட்டிமேல் சறுக்கி மீன் பிடிக்கும் பென்குவின் ஆட்டம்.

எல்லாவற்றையும்விட வேடிக்கை கடைசியில் ஒன்று. பலகைமேல் சம்மணம் போட்டு உட்கார்ந்து, திரையில் எரியும் மெழுகுவர்த்தியைப் பார்த்துக்கொண்டு அசையாமல் இருக்க வேண்டும். அவ்வளவுதான். ஆனால் மூன்று நிமிடம் அசையாமல் உட்காருவதற்குள் பெரிய பெரிய ஆட்களுக்கே வியர்த்துவிடும்!

சூட்சுமம் என்ன?

புதிதாக ஏறுகிறவர் செய்யும் முதல் தப்பு, தோளை ஆட்டுவது. இடது பக்கம் போக வேண்டும் என்றால் இடுப்புக்கு மேலே மொத்தமாகச் சாய்வார். புள்ளி பறந்துவிடும். பதறி வலது பக்கம் சாய்வார். அந்தப் பக்கம் பறந்துவிடும். பார்க்கிறவர்கள், "என்ன மாமா, காலையிலேயே ஆட்டமா?" என்று சிரிப்பார்கள்.

இரண்டாவது தப்பு, காலைப் பார்ப்பது. தலை குனிந்தால் பாரமும் கூடவே முன்னால் போய்விடும்.

மூன்றாவது, முழங்காலைக் கட்டை மாதிரி விறைப்பாக வைப்பது.

நாள்பட ஆடியவர்கள் செய்வது இதற்கு நேர் எதிர். முழங்கால் லேசாக மடிந்திருக்கும். பார்வை முன்னால் இருக்கும். உடம்பு ஆடாது. பாதத்துக்குள்ளேயே பாரத்தைக் குதிகாலுக்கும் விரலுக்கும் மாற்றுவார்கள். வெளியே பார்த்தால் சும்மா நிற்கிற மாதிரி தெரியும். திரையில் புள்ளி சொன்னபடி கேட்கும்!

ஏலத்தோட்டத்துச் சரிவில் பழகியவர் நடக்கும்போது கவனித்தால் இதே சங்கதிதான். மடிந்த முழங்கால். சின்னச் சின்ன அடி. அடுத்த கால் மண்ணில் பதிந்தது நிச்சயமான பிறகுதான் பாரம் அங்கே மாறும். அதை அவருக்கு எந்தத் திரையும் சொல்லித் தரவில்லை. நாள் கணக்கில், வருஷக் கணக்கில் நின்ற நேரம் சொல்லித் தந்தது. மலையும் அப்படித்தான். தன் பூட்டுகளை ஒவ்வொன்றாகத்தான் திறக்கும்.

உடம்புக்குள் மூன்று பேர்

பாலன்ஸ் என்பது என்ன? உடம்புக்குள் மூன்று பேர் சேர்ந்து பார்க்கும் வேலை.

ஒன்று கண். இரண்டாவது, காதின் உட்பகுதியில் உள்ள உறுப்பு. தலை எந்தப் பக்கம் சாய்கிறது, எப்படித் திரும்புகிறது என்று அது சொல்லும். மூன்றாவது, பாதத்திலும் மூட்டிலும் தசையிலும் உள்ள உணர்ச்சி. மூன்று பேரும் சொல்வதை மூளை கூட்டிப் பார்த்து, எந்தத் தசை இறுக வேண்டும் என்று உத்தரவு போடும்.

மூவரில் ஒருவரை நிறுத்தினால் தெரியும். கண்ணை மூடிக்கொண்டு ஒற்றைக் காலில் நின்றால், எப்பேர்ப்பட்ட ஆளும் தள்ளாடுவார்.

வயது ஏற ஏற மூன்று பேருமே மந்தமாகிறார்கள். உட்கார்ந்தே வேலை பார்க்கிறவர்களுக்கு இது சீக்கிரம் வரலாம். கல்லாவில் பத்து மணி நேரம், ஆபீஸ் நாற்காலியில் எட்டு மணி நேரம். பாலன்ஸுக்கு வேலையே இல்லை!

ஒற்றைத் தண்டவாளத்தில் ஓடிய வண்டி

பாலன்ஸை நம்பி ஒரு ரெயிலே இந்த மலையில் ஓடியிருக்கிறது என்றால் நம்புவீர்களா?

போடிக்கு மேலே கொட்டகுடி, குரங்கணி. அதற்கும் மேலே மலை உச்சியில் டாப் ஸ்டேஷன். 1902-ல் மூணாறிலிருந்து டாப் ஸ்டேஷனுக்கு ஒரு ரெயில் போட்டார்கள். அதற்குத் தண்டவாளம் ஒன்றே ஒன்று!

பாரத்தின் பெரும்பகுதி அந்த ஒற்றைத் தண்டவாளத்தில் ஓடும் சிறு சக்கரங்கள்மேல். பக்கவாட்டில் ஒரு பெரிய சக்கரம் சாலையில் உருண்டு வரும். வண்டி சாயாமல் பார்த்துக்கொள்வது அதன் வேலை. இழுத்தது எஞ்சின் அல்ல, மாடுகள்!

டாப் ஸ்டேஷனுக்கு வந்த தேயிலைப் பெட்டிகளை இரும்புக் கயிற்றில் தொங்கவிட்டுக் கொட்டகுடிக்கு இறக்கினார்கள். அங்கிருந்து வண்டி கட்டிப் போடிக்குக் கொண்டு வந்தார்கள். 1908-ல் ஒற்றைத் தண்டவாளம் போய் இரட்டைத் தண்டவாளம் வந்தது. 1924 பெருவெள்ளம் அதையும் அடித்துக்கொண்டு போய்விட்டது.

வண்டிக்குப் பக்கச் சக்கரம் கொடுத்தார்கள். சரிவில் குத்தவைத்து உட்காரும் பெண்ணுக்கு அது கிடையாது. அவர் காலே அவருக்குத் தண்டவாளம், அவர் காலே பக்கச் சக்கரம்.

விழுந்தால்?

விளையாட்டில் விழுந்தால் ஒன்றும் இல்லை. கயிற்றிலிருந்து விழுந்தாலும், தண்ணீரில் விழுந்தாலும் மறுபடி ஆரம்பிக்கலாம். நட்சத்திரம் நாலுக்குப் பதில் ஒன்று கிடைக்கும். அவ்வளவுதான்.

சரிவில் மறுபடி ஆரம்பிக்க முடியாது. கால் சறுக்கி மணிக்கட்டு முறிந்தால் ஆறு வாரம் கட்டு. தினக்கூலிக்காரருக்கு ஆறு வாரம் என்பது ஆறு வாரச் சம்பளம். வீட்டில் அடுப்பு எரிய வேண்டுமே!

சமவெளியில் இருப்பவர்களும் சும்மா இருந்துவிட முடியாது. உலகில் ஒரு வருஷத்தில் கீழே விழுந்து சாகிறவர்கள் 6 லட்சத்து 84 ஆயிரம் பேர் என்பது உலக சுகாதார நிறுவனத்தின் கணக்கு. விபத்துச் சாவுகளில் சாலை விபத்துக்கு அடுத்த இடம் இதற்குத்தான். அதிகம் பலியாவது 60 வயதைத் தாண்டியவர்கள். குளியல் அறை ஈரமும், வாசல்படியும், பஸ் படிக்கட்டுமே அவர்களுக்கு மலைச் சரிவு!

பழகினால் தடுக்கலாமா? தடுக்கலாம். 23 ஆயிரத்துக்கும் அதிகமான முதியவர்களை வைத்து நடந்த 108 ஆராய்ச்சிகளை 2019-ல் ஒன்றாகத் தொகுத்துப் பார்த்தார்கள். உடற்பயிற்சி செய்தவர்களிடம் விழும் எண்ணிக்கை 23 சதவீதம் குறைந்திருந்தது. நூறு முறை விழ வேண்டிய இடத்தில் 77 முறை! பாலன்ஸ் பயிற்சிக்கு இதில் முக்கிய பங்கு.

இதனால்தான் அந்த வெள்ளைப் பலகை விளையாட்டு அறையைத் தாண்டிப் போனது. ஆஸ்திரேலியாவில் ஆராய்ச்சியாளர்கள் அதை ஆய்வுக்கூடத்து விலை உயர்ந்த கருவியோடு ஒப்பிட்டுப் பார்த்தார்கள். நிற்கும் பாலன்ஸை அளப்பதில் நம்பகமாகவே இருக்கிறது என்று 2010-ல் எழுதினார்கள். பக்கவாதம் வந்தவர்களை மறுபடி நிற்கப் பழக்குவதற்கும் பல நாடுகளில் அதைப் பயன்படுத்திப் பார்த்தார்கள்.

பலகை இல்லாதவர்களுக்கு...

'வீ' கருவியின் தயாரிப்பு நின்று வருஷங்கள் ஆகிவிட்டன. பழைய பலகை கைமாறி வந்தால்தான் உண்டு. அதற்காகக் கவலைப்பட வேண்டாம். பலகை சொல்லித் தந்த பாடத்துக்குப் பலகை தேவையில்லை.

பிரேசிலில் 51 வயது முதல் 75 வயது வரை உள்ள 1,702 பேரைப் பத்து விநாடி ஒற்றைக் காலில் நிற்கச் சொன்னார்கள். ஐந்தில் ஒருவரால் முடியவில்லை! முடியாதவர்களிடையே பிற்பாடு மரண ஆபத்து அதிகமாக இருந்தது என்று 2022-ல் வெளியிட்டார்கள். ஒற்றைக் கால் உயிரைக் காக்கிறது என்று அதற்கு அர்த்தமில்லை. உடம்பு தளர்வதை அது முன்கூட்டியே காட்டிக்கொடுக்கிறது.

வீட்டிலேயே பழகலாம். சுவர் ஓரமாகவோ, கனமான மேஜை பக்கத்திலோ நிற்க வேண்டும். முழங்கால் லேசாக மடிந்து, பார்வை எதிரே. ஒரு காலைத் தரையிலிருந்து நாலு விரல் தூக்கினால் போதும். முதல் வாரம் ஐந்து விநாடி. அடுத்த வாரம் பத்து. பிறகு அடுத்த கால். உண்டியலில் சேர்க்கிற மாதிரிதான். தள்ளாட்டம், தலைசுற்றல் உள்ளவர்கள் டாக்டரைக் கேட்காமல் இறங்கக் கூடாது. தனியாகவும் செய்யக் கூடாது.

யானைக்கும் அடி சறுக்கும் என்பார்கள். சறுக்கும்போது சமாளிக்கிற கால் பழகின காலாக இருக்க வேண்டும்.

சாயங்காலம் ஜீப்புகள் மலையிலிருந்து இறங்கி வரும். நாள் முழுக்கச் சரிவில் குத்தவைத்து உட்கார்ந்த பெண்கள், காலியான தூக்குச்சட்டியோடு ஒவ்வொருவராகக் குதித்து இறங்குவார்கள். அறுபதைத் தொட்டவர்களும் அதில் உண்டு. ஒரு கையில் சட்டி, ஒரு கையில் பை. கம்பியைப் பிடிக்கக் கை மிச்சமில்லை!

இன்று ராத்திரி பல் துலக்கும்போது நீங்களும் ஒரு காலைத் தூக்கிப் பாருங்கள். பத்து எண்ணுங்கள். சுவரை விட்டு மட்டும் தூரம் போய்விடாதீர்கள்!