அருவியின் வெண்ணூல்

காதலுக்கும் கடமைக்கும் போர் மூண்டால் எது வெல்வது? கதாசிரியர் பலர் எழுப்பிய பழைய கேள்வி இது. 1933-ஆம் ஆண்டில் ஜப்பானிய டைரக்டர் மிஸோகுச்சி கென்ஜி எடுத்த ‘தாகி நோ ஷிராயிதோ’ என்னும் மௌனப் படமோ வேறொன்று கேட்கிறது: அந்தக் கடமைக்கு விலை கொடுத்தவர் யார்?

படத்தின் பெயருக்கு ‘அருவியின் வெண்ணூல்’ என்று பொருள். அது கதாநாயகியின் மேடைப் பெயர். ஊர் ஊராய்ச் சென்று நீர்த்தாரைகளைக் கொண்டு வித்தை காட்டுபவள் அவள். அவள் பொருட்டு வேலையிழந்த வண்டிக்காரன் கின்யா, வறுமையுற்ற சாமுராய்க் குடும்பத்து இளைஞன். அவனைச் சட்டம் படிக்க டோக்கியோவுக்கு அனுப்பி, தன் வருவாயையெல்லாம் அவனுக்கே செலவிடுகிறாள். குளிர்காலத்தில் வித்தை பார்க்க வருவோர் குறைகின்றனர். அவள் கடன் வாங்கிய பணம் கொள்ளை போகிறது. கடன் கொடுத்தவனுடன் நேர்ந்த போராட்டத்தில், அவள் கையாலேயே அவன் மாள்கிறான்.

நீதிமன்றத்தில் அவளுக்கு எதிரே பிராசிக்யூட்டராக நிற்பவன் கின்யா! அவன் அணிந்துள்ள அங்கி அவளுடைய பணத்தில் வந்தது. ஆயினும் அவன் தளர்வதை அவள் விரும்பவில்லை. குற்றத்தை ஒப்புக்கொண்டு உயிர் துறக்கிறாள். கடமையை முடித்த அவனும் பிறகு தன்னை மாய்த்துக்கொள்கிறான்.

இஸுமி கியோகா 1894-இல் எழுதிய கதையே இப்படத்துக்கு மூலம். கதாநாயகியாக நடித்த இரியே தாகாகோ, பிரபு குலத்தில் பிறந்து, 1932-இல் தம் பெயரிலேயே படக் கம்பெனி தொடங்கியவர். கின்யாவாக நடித்த ஒகாதா தோகிஹிகோ 1934-இல் இளமையிலேயே காசநோயால் காலமானார்.

மௌனப் படமென்றாலும் ஜப்பானியக் கொட்டகைகளில் மௌனம் நிலவவில்லை. திரையருகே அமர்ந்து கதை சொல்லும் ‘பென்ஷி’ என்பவர், ஆண் குரலும் பெண் குரலும் தாமே பேசுவார். குற்றம் சாட்டுபவனுக்கும் குற்றவாளிக்கும் ஒரே நாவு! இக்கதைக்கு இதைவிடப் பொருத்தம் வேறென்ன வேண்டும்?

மிஸோகுச்சியின் இளமையையும் இங்கே நினைக்க வேண்டும். வறுமையால் அவருடைய தமக்கை கெய்ஷா ஆக்கப்பட்டார். பின்னர் தம்பியை ஆதரித்தவரும் அவரே. அதனால்தான் போலும், இப்படம் கடமையைப் பழிக்கவுமில்லை, வாயாரப் புகழவுமில்லை. ஒருவன் உயர்ந்து நிற்கும் படிக்கட்டில் ஒரு பெண்ணின் வாழ்வு கிடக்கிறது என்று மட்டும் காட்டுகிறது. படித்து முன்னேறிய மகன் உள்ள எந்த வீட்டிலும், அவனுக்காகத் தன்னைக் குறைத்துக்கொண்டவள் ஒருத்தி இருக்கக்கூடும். அவளை அவன் உயிரோடிருக்கும்போதே அறிந்து போற்றினால், கின்யாவின் கதி யாருக்கும் நேராது.