கொடுமுடி கோகிலம் கே. பி. சுந்தராம்பாள்
(1908–1980)

காவிரிக் கரையிலுள்ள கொடுமுடியில், வறுமையே துணையாயிருந்த ஒரு குடும்பத்தில் பிறந்து, பாலியத்திலேயே வேலு நாயர் நாடக சபையில் சேர்ந்த சுந்தராம்பாள், ஒலிபெருக்கி இல்லாத அக்காலத்து மேடையில், ஹார்மோனியத்தின் உச்ச சுருதிக்கும் மேலே நின்று கொட்டகையின் கடைசி வரிசை வரையில் எட்டிய தம் சாரீரத்தின் வன்மையாலேயே பெரும் புகழ் எய்தினார்.

இலங்கை மேடையில் எஸ். ஜி. கிட்டப்பாவுடன் சேர்ந்து நடிக்கத் தொடங்கி, 1927-இல் அவரையே மணந்தார். வள்ளி திருமணம் முதலிய நாடகங்களில் இவ்விருவரும் போட்டியிட்டுப் பாடுவதைக் கேட்கவே ஜனங்கள் இரவு முழுதும் விழித்திருந்தனர். 1933-இல் கிட்டப்பா இளம் வயதிலேயே காலமானபோது, வெள்ளைப் புடவையை மேற்கொண்டு, இனி எந்த ஆடவருடனும் ஜோடியாக நடிப்பதில்லை என்று விரதம் பூண்ட அம்மையார், அதனை இறுதிவரை காத்தார்.

அவ்விரதம் அவர் கலையைச் சுருக்கவில்லை. 1935-இல் நந்தனாராக ஆண் வேடம் தாங்கித் திரையில் தோன்றியதற்கு அவர் பெற்ற லட்ச ரூபாய் ஊதியம் நாட்டையே வியக்கச் செய்தது. 1953-இல் வெளிவந்த 'ஔவையார்', தமிழ் மூதாட்டிக்கு அவர் முகத்தையே நிலையான உருவமாக்கிற்று.

காங்கிரஸ் மேடைகளில் தேசிய கீதங்களைப் பாடித் திரளான மக்களை ஈர்த்து, சென்னை மேலவையின் அங்கத்தினராகவும் விளங்கிய அவருக்கு, 1970-இல் பத்மஸ்ரீ விருது அளிக்கப்பட்டது. நாடகக்காரி என்று சமூகம் தாழ்த்தி வைத்த ஒரு தொழிலுக்கு, தம் ஒழுக்கத்தாலும் ஞானத்தாலும் மரியாதையைத் தேடித் தந்தவர் இவர்.