ஒரு மேட்ச்கூட ஆடாத சாம்பியன்!

என்.ஹெச்.எல்... ஐஸ் ஹாக்கி மட்டையைப் பிடிச்ச எந்தக் கனடா பையனும் தூக்கத்தில்கூட உளறும் பெயர் இது. நேஷனல் ஹாக்கி லீக். அமெரிக்கா, கனடா இரண்டு நாட்டு அணிகளும் மோதும் உச்சபட்ச லீக். உலகத்தின் டாப் ஆட்டக்காரர்கள் எல்லாம் அங்கேதான் குவிவார்கள்.

அந்த லீக்கில் ஜாரெட் பெட்னார் என்பவர் ஆடிய மேட்ச்கள் மொத்தம் எத்தனை தெரியுமா? 0. ஆமாம் பாஸ், பூஜ்யம்தான்!

ஆனால், அதே லீக்கின் சாம்பியன் கோப்பையான ஸ்டான்லி கப்பில் அவர் பேர் பொறிக்கப்பட்டிருக்கு. வாசல் வரைக்கும் போய் கதவு திறக்காமல் திரும்பிய ஒருத்தர், பக்கத்துச் சந்து வழியா சுத்தி வந்து வீட்டுக்குள்ளே நுழைஞ்ச கதை இது. சுத்தி வர எத்தனை வருஷம் ஆச்சுன்னு கேட்டா, தலை சுத்தும்!

மூணு மாடி வீடு

கதைக்கு முன்னாடி சின்ன அறிமுகம். ஐஸ் ஹாக்கியில் ஒரு அணிக்கு ஒரே நேரத்தில் ஆறு பேர் களத்தில் இருப்பார்கள். ஒருத்தர் கோல் கீப்பர், மூணு பேர் ஃபார்வர்டு, ரெண்டு பேர் டிஃபன்ஸ். 20 நிமிஷம் வீதம் மூன்று பகுதிகள். பனித்தரையில் ஸ்கேட் போட்டுக்கொண்டு பறப்பதால், ஒரு நிமிஷம்கூட முழுசாத் தாங்க முடியாது. மூச்சு வாங்க பெஞ்சுக்கு ஓடி வந்தால், அடுத்த செட் உள்ளே குதிக்கும்.

கோல் போடுறவனுக்குக் கைதட்டல். டிஃபன்ஸ் ஆளுக்கு? எதிரியைச் சுவரோடு மோதித் தடுக்கணும். பறந்து வர்ற ரப்பர் பக்கை உடம்பால மறிக்கணும். நல்லா ஆடினா யாரும் கவனிக்க மாட்டாங்க, ஒரு தப்புப் பண்ணினா ஊரே திட்டும்! பெட்னார் அந்த ஜாதி ஆட்டக்காரர். அதிலும் முரட்டு ரகம். மோதலுக்கு அஞ்சாதவர்.

இன்னொரு விஷயம். வட அமெரிக்க ஹாக்கி ஒரு மூணு மாடி வீடு மாதிரி. கீழ்த்தளம் ஈ.சி.ஹெச்.எல்., அங்கே கெல்லி கப். நடுத்தளம் ஏ.ஹெச்.எல்., அங்கே கால்டர் கப். மொட்டை மாடியில் என்.ஹெச்.எல்., அங்கே ஸ்டான்லி கப். கீழே இருக்கிறவங்க எல்லாரும் அண்ணாந்து பார்த்துக்கிட்டே ஆடுவாங்க. மேலே போறவங்க ரொம்பக் கம்மி.

லிஸ்ட்டில் பேர் இல்லை!

1972-ல் கனடாவின் சாஸ்காச்சுவான் மாகாணத்தில், யார்க்டன் என்ற ஊரில் பிறந்தவர் பெட்னார். கோதுமை வயல்களும் கொட்டும் பனியுமாக இருக்கிற பிரதேசம். ஜூனியர் லீக்கில் அணி மாறி அணி மாறி ஆடினார். என்.ஹெச்.எல். அணிகள் ஒவ்வொரு வருஷமும் 'டிராஃப்ட்' என்று நடத்தி, இளசுகளைப் பொறுக்கி எடுக்கும். அந்தக் காலத்தில் ஒரு டிராஃப்ட்டில் இருநூறு பேருக்கும் மேலே தேர்வு ஆவார்கள். பெட்னார் பேரை யாருமே கூப்பிடவில்லை. கேம்பஸ் இன்டர்வியூவில் கடைசி கம்பெனியும் மூட்டையைக் கட்டின பிறகு காரிடாரில் நிற்பீங்களே... அதே நிலைமை!

1993-ல், 21 வயசில் கீழ்த்தளத்தில் கால் வைத்தார். மேற்கு வர்ஜீனியாவின் ஹன்டிங்டன் பிளிசர்டு அணி. பிறகு சவுத் கரோலினா ஸ்டிங்ரேஸ். கடலோர வெயில் ஊரில் ஐஸ் ஹாக்கி அணி! வெளியே பனைமரக் கூட்டம், உள்ளே பனித்தரை. அங்கேதான் அவருக்கு வேர் பிடித்தது. 1997-ல் கெல்லி கப் ஜெயித்தார்கள். நடுத்தளத்திலும் செயின்ட் ஜான்ஸ், ராச்செஸ்டர் அணிகளுக்கு ஆடிப் பார்த்தார். இன்டர்நேஷனல் ஹாக்கி லீக்கில் கிராண்டு ரேப்பிட்ஸ் அணிக்கும் ஆடினார். மொட்டை மாடியிலிருந்து மட்டும் அழைப்பு வரவேயில்லை. திரும்ப ஸ்டிங்ரேஸ். 2001-ல் இன்னொரு கெல்லி கப்.

2002-ல் ஸ்கேட்டைக் கழற்றினார். வயசு 30. கையில் ரெண்டு கெல்லி கப். என்.ஹெச்.எல். மேட்ச்? அதே பூஜ்யம்.

விசில் கைக்கு வந்தது

பலருக்கு இங்கே கதை முடிஞ்சிருக்கும். பெட்னார் ஊரைக்கூட மாத்தலை. தான் ஆடின அதே ஸ்டிங்ரேஸ் அணியில் உதவி கோச் ஆனார். ஒண்ணு ரெண்டு இல்லை, அஞ்சு சீஸன் உதவி கோச்! 2007-ல்தான் தலைமை கோச் பதவி வந்தது. 2009-ல், கோச்சாகவும் கெல்லி கப்பைத் தூக்கினார்.

சரி, இனிமே ஏறுமுகம்தானேன்னு நினைச்சா... அங்கேதான் ட்விஸ்ட்! சாம்பியன் கோச்சுக்கு நடுத்தளத்தில் கிடைத்த வேலை என்ன தெரியுமா? மறுபடியும் உதவி கோச். கண்டத்தின் மறு மூலையில், பிரிட்டிஷ் கொலம்பியாவின் அபட்ஸ்ஃபோர்டு அணியில். 2010-ல் இல்லினாய் மாநிலத்தின் பியோரியா அணிக்குத் தலைமை கோச் ஆனார். ரெண்டு சீஸனில் அது முடிந்தது. 2012-ல் ஸ்பிரிங்ஃபீல்டு அணியில்... திரும்பவும் உதவி கோச்!

பாம்பு - ஏணி ஆட்டம்தான். ஏறுவார், சறுக்குவார், ஏறுவார். பதவி இறங்கினால் பலர் பெட்டியைக் கட்டிவிடுவார்கள். இவர் அடுத்தவருக்குப் பக்கத்தில் நின்று, அணியின் டிஃபன்ஸைச் செதுக்கினார். 2014-ல் அதே ஸ்பிரிங்ஃபீல்டில் தலைமை இடம் அவருக்கே வந்தது. அடுத்த வருஷம் கிளீவ்லாந்து நகரின் லேக் ஈரி மான்ஸ்டர்ஸ் அணி.

2016 ஜூன் 11. கால்டர் கப் ஃபைனல், நாலாவது மேட்ச். முதல் மூணையும் மான்ஸ்டர்ஸ் ஜெயிச்சாச்சு. எதிரே ஹெர்ஷி பேர்ஸ். அரங்கத்தில் 19,665 பேர். மூன்று பகுதியும் முடிஞ்சு ஸ்கோர் 0-0. ஓவர்டைம் போகுது... போகுது... முடிய 1.9 விநாடி இருக்கும்போது, ஆலிவர் பியோர்க்ஸ்ட்ராண்டு அடிச்சார் பாருங்க ஒரு கோல்! அரங்கம் வெடிச்சது. பெட்னார் கையில் நடுத்தளக் கோப்பை.

இடியாப்பச் சிக்கலில் முதல் வேலை

ரெண்டு மாசம்தான். 2016 ஆகஸ்ட் 11-ல் கொலராடோ அவலாஞ்ச் அணியின் கோச் பேட்ரிக் ராய் திடீர்னு ராஜினாமா செய்தார். அணியின் முடிவுகளில் தன் குரலுக்கு இடம் இல்லைன்னு வருத்தம். ராய் யார்? ஆட்டக்காரராக நாலு ஸ்டான்லி கப் ஜெயித்த ஜாம்பவான் கோல் கீப்பர். அந்த நாற்காலிக்கு அணியின் பொது மேலாளர் ஜோ சாகிக் யாரைக் கொண்டுவந்தார்? என்.ஹெச்.எல்.லில் ஒரு மேட்ச்கூட ஆடாத, உதவி கோச்சாகக்கூட அங்கே வேலை பார்க்காத நம்ம பெட்னாரை! நியமனம் ஆகஸ்ட் 25. சீஸன் தொடங்க ரெண்டு மாசம்கூட இல்லை.

முடிவு? படு பயங்கரம். 82 மேட்ச்சில் 22 வெற்றி. 56 தோல்வி. ஓவர்டைம் வரை போய்த் தோற்றது 4. வெற்றிக்கு 2 பாயின்ட், ஓவர்டைம் தோல்விக்கு 1 என்று கணக்குப் போட்டால் மொத்தம் 48. லீக்கின் 30 அணிகளில் 30-வது இடம். 29-வது இடத்தில் இருந்த வான்கூவருக்கே 69 பாயின்ட்! கடைசி பெஞ்ச்னு சொல்றதா, கிளாஸுக்கு வெளியேன்னு சொல்றதா?

பட்ட காலிலே படும் என்பது சரிதான். கடைசி இடம் பிடிக்கும் அணிக்கு ஒரே ஆறுதல், அடுத்த டிராஃப்ட்டில் முதல் ஆளைப் பொறுக்கும் வாய்ப்பு. அதுக்கும் ஒரு குலுக்கல் உண்டு. கொலராடோவுக்குத்தான் முதல் இடம் கிடைக்கும் வாய்ப்பு அதிகம். குலுக்கலில் கிடைத்ததோ நாலாவது இடம். அவர்களுக்குக் கிடைக்கக்கூடியதிலேயே மோசமான இடம்!

இந்த மாதிரி ஒரு சீஸனுக்குப் பிறகு கோச்சைத் தூக்குவதுதான் என்.ஹெச்.எல். வழக்கம். சாகிக் தூக்கவில்லை. அவசரமா வந்தவர், கையில் கிடைத்த அணியை வைத்து ஆடினவர், இன்னொரு வாய்ப்பு கொடுப்போம் என்று விட்டார். இந்தக் கதையில் பெட்னாருக்குக் கைதட்டும்போது, சாகிக்குக்கும் ஒரு கை தட்டுங்க. பல பேரோட வாழ்க்கையில் திறமை குறையலை, இப்படிப் பொறுத்துக்கிற ஒரு ஆள்தான் குறைச்சல்.

நாலாவது ஆள் யார்?

அடுத்த சீஸன் தொடக்கமே கலாட்டா. அணியை விட்டுப் போகணும்னு இருந்த நட்சத்திரம் மேட் டுஷேனை 2017 நவம்பர் 5-ல், ஒரு மேட்ச் நடந்துக்கிட்டு இருக்கும்போதே வேறு அணிக்கு மாற்றினார்கள். அவர் பாதி ஆட்டத்தில் களத்தை விட்டு இறங்கிப் போனார்! அதோடு அணி உடையும்னு பார்த்தா, ஒட்டிக்கிச்சு. 2018 ஏப்ரல் 7, லீக் சுற்றின் கடைசி மேட்ச். செயின்ட் லூயிஸை ஜெயிச்சா பிளே-ஆஃப், தோத்தா வீடு. 5-2 என்று ஜெயித்தார்கள். 48 பாயின்ட் அணிக்கு ஒரே வருஷத்தில் 95 பாயின்ட்! வருடத்தின் சிறந்த கோச் விருதுக்கு இறுதி மூணு பேரில் ஒருத்தர் பெட்னார்.

இப்ப அந்த நாலாவது இடத்துக்கு வருவோம். அதில் கொலராடோ எடுத்த பையன் கேல் மக்கார். பெட்னார் மாதிரியே டிஃபன்ஸ் ஆள். ஆனால், காற்றில் மிதக்கிற ஸ்கேட்டிங். உடனே காசு பார்க்க ஓடாமல், மாசசூசெட்ஸ் பல்கலைக்கழகத்தில் சேர்ந்து ரெண்டு வருஷம் கல்லூரி ஹாக்கி ஆடினான். 2019 ஏப்ரல் 13-ல் தேசியக் கல்லூரி ஃபைனலில் தோல்வி. ரெண்டே நாளில், ஏப்ரல் 15-ல் என்.ஹெச்.எல். பிளே-ஆஃபில் அவனைக் களத்தில் இறக்கினார் பெட்னார். இருபது வயசுப் பையன், முதல் மேட்ச், அதுவும் நாக் அவுட் தொடர்! பையன் அன்றைக்கே கோல் அடித்தான்.

அப்புறமும் நேர் ரோடு இல்லை. 2019, 2020, 2021... மூணு வருஷமும் பிளே-ஆஃபின் ரெண்டாவது சுற்றில் அவுட். அதிலும் 2021-ல் லீக் சுற்றில் முதலிடம் பிடித்த அணி, வேகாஸுக்கு எதிரா முதல் ரெண்டு மேட்ச்சையும் ஜெயிச்சிட்டு அடுத்த நாலையும் தோற்றது. 'இந்தக் கோச்சுக்கு இதுக்கு மேல வராதுப்பா' என்ற முணுமுணுப்பு கிளம்பாமல் இருக்குமா?

2022-ல் 56 வெற்றி, 119 பாயின்ட். ரெண்டாவது சுற்றைத் தாண்டி ஃபைனல். எதிரே டம்பா பே, அதற்கு முந்தைய ரெண்டு வருஷ சாம்பியன். அதன் கோச் ஜான் கூப்பர் ஒரு முன்னாள் வக்கீல், அவரும் என்.ஹெச்.எல்.லில் ஆடாதவர்! ஜூன் 26, ஆறாவது மேட்ச். 2-1. கோப்பை கொலராடோவுக்கு. பிளே-ஆஃபின் சிறந்த ஆட்டக்காரர் விருது யாருக்கு? நாலாவது இடத்தில் வந்தானே... அதே மக்காருக்கு!

கெல்லி, கால்டர், ஸ்டான்லி என மூணு மாடிக் கோப்பையையும் தலைமை கோச்சாக ஜெயித்த முதல் ஆள் ஜாரெட் பெட்னார். ஹன்டிங்டனில் முதல் மேட்ச் ஆடினதிலிருந்து கணக்குப் போட்டால் 29 வருஷம். லிஃப்ட்டில் மேலே போனவர்களுக்கு மொட்டை மாடி மட்டும்தான் தெரியும். படியேறி வந்தவருக்குத்தான் ஒவ்வொரு மாடியிலும் யார் காத்துக்கிட்டு நிற்கிறாங்கன்னு தெரியும். பெஞ்சில் கடைசி ஆளா உட்கார்ந்து பேர் கூப்பிடுவாங்களான்னு பார்க்கிற பையனோட மனசு, அங்கேயே ஒன்பது வருஷம் உட்கார்ந்தவருக்குப் புரியாதா?

லிஸ்ட்டில் பேர் வராத நண்பர்களே, அழணும்னா ஒரு நாள் அழுதுக்கோங்க. மறுநாள் அதே களத்தில் வேற என்ன வேலை காலியா இருக்குன்னு விசாரிங்க. பெட்னாரின் ஆட்டக் கணக்கில் அந்தப் பூஜ்யம் இன்னும் அப்படியேதான் இருக்கு. அதை யாராலும் மாத்த முடியாது. கோப்பையில் இருக்கிற பேரையும்தான்!