நிலம் யாருடையது? நீதிமன்றம் எதைப் பார்க்கும்?

"தாத்தா காலத்திலிருந்து இந்த வீட்டில்தான் இருக்கிறோம். தண்ணீர் பில், மின்சார பில் எல்லாம் எங்கள் பெயரில்தான் வருகின்றன. நிலம் எங்களுடையது என்று கோர்ட்டில் நிரூபிக்க முடியுமா?" பினாங்கு நேயர்கள் பலர் கேட்கும் கேள்வி இது.

பதில் கொஞ்சம் கசப்பானது. அந்த பில்கள் நீங்கள் அங்கே குடியிருந்தீர்கள் என்பதற்குத்தான் சாட்சி. நிலம் உங்களுடையது என்பதற்கு அல்ல. பழைய பினாங்கில் பத்திரங்களை வரிசையாகக் காட்டி உரிமையை நிரூபித்தார்கள். 1966 ஜனவரியில் தேசிய நிலச் சட்டம் நடப்புக்கு வந்த பின், நில அலுவலகப் பதிவேட்டில் யார் பெயர் இருக்கிறதோ அவரே உரிமையாளர். பன்னிரண்டு ஆண்டு அனுபவித்தால் நிலம் சொந்தமாகிவிடும் என்று தமிழ்நாட்டு உறவினர்கள் சொல்லக் கேட்டிருப்பீர்கள். இங்கே அது எடுபடாது. எத்தனை காலம் குடியிருந்தாலும் பதிவு பெற்ற உரிமையாளரின் உரிமை போகாது என்கிறது சட்டத்தின் 341வது பிரிவு.

குளுகோர் கம்போங் புவா பாலாவை நாம் மறந்திருக்க மாட்டோம். தலைமுறை தலைமுறையாக மாடு வளர்த்து வாழ்ந்த தமிழர் கிராமம். முன்னோர் உழைத்த தோட்டத்தின் உரிமையாளர்களான பிரவுன் குடும்பத்தார் நிலத்தைத் தொழிலாளர்களுக்காக விட்டுச் சென்றனர் என்று குடியிருப்பாளர்கள் வாதிட்டனர். ஆனால் பட்டா அவர்கள் பெயரில் இல்லை. மேல்முறையீட்டு நீதிமன்றமும் கூட்டரசு நீதிமன்றமும் 2009இல் கைவிரித்தன. அதே ஆண்டு வீடுகள் இடிக்கப்பட்டன. உரிமை கோருகிறவரே நிரூபிக்க வேண்டும் என்பது 1950ஆம் ஆண்டு சாட்சியச் சட்டம். வாய்வழியாக வந்த வரலாறு, அது உண்மையாகவே இருந்தாலும், பதிவேட்டுக்கு எதிரே நிற்பது மிகவும் கடினம்.

சரி, கிராண்ட் நம் பெயரில் இருந்தால் நிம்மதியாகத் தூங்கலாமா? அதற்கும் பினாங்கிலேயே ஒரு வழக்கு உண்டு. பூன்சோம் பூன்யாநிட் என்ற தாய்லாந்து மூதாட்டிக்கு தஞ்சோங் பூங்காவில் நிலம் இருந்தது. வேறொரு பெண் அவரைப்போல் நடித்து, பட்டா தொலைந்துவிட்டது என்று சத்தியப் பிரமாணம் செய்து, மாற்றுப் பட்டா வாங்கி, 1989இல் அடோர்னா புரோபர்ட்டீஸ் நிறுவனத்துக்கு விற்றுவிட்டார். வாங்கியவர்களுக்கு இந்த மோசடி தெரியாது.

பூன்சோம் நீதிமன்றம் போனார். பொய்க் கையெழுத்தைக் குற்றவியல் வழக்கைப்போல் சந்தேகத்துக்கு இடமின்றி நிரூபிக்க வேண்டும் என்றது உயர்நீதிமன்றம். அவர் தோற்றார். சிவில் வழக்கில் அந்த அளவு தேவையில்லை, எது நடந்திருக்க அதிக வாய்ப்பு என்று காட்டினாலே போதும் என்று 1997இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் தீர்ப்பை மாற்றியது. 2000 டிசம்பரில் கூட்டரசு நீதிமன்றம் அந்த அளவுகோலை ஏற்றது. கையெழுத்து பொய் என்பதையும் ஏற்றது. ஏற்றுக்கொண்டும் நிலத்தை நிறுவனத்துக்கே கொடுத்தது! நல்லெண்ணத்தோடு விலை கொடுத்து வாங்கியவரை 340வது பிரிவு காப்பாற்றுகிறது என்பது காரணம். மூதாட்டி அந்தத் தீர்ப்பைக் கேட்க உயிரோடு இல்லை.

இதைவிட ஓர் உரிமையாளர் எதை நிரூபித்திருக்க முடியும்? வழக்கறிஞர்கள் பத்தாண்டு காலம் இதைத்தான் கேட்டார்கள். 2010 ஜனவரியில், குவாந்தான் நிலம் பற்றிய டான் யிங் ஹோங் வழக்கில், ஐந்து நீதிபதிகள் கொண்ட கூட்டரசு நீதிமன்றம் அந்தத் தீர்ப்பு தவறு என்று ஒதுக்கியது. பொய்ப் பத்திரம் மூலம் நேரடியாக நிலம் பெற்றவருக்குப் பாதுகாப்பு கிடையாது. அவரிடமிருந்து நல்லெண்ணத்தோடு விலை கொடுத்து வாங்கும் அடுத்தவருக்கே அது உண்டு. பூன்சோம் குடும்பத்துக்கு நிலம் திரும்பவில்லை.

"அடுத்தவர்" என்ற அந்தச் சொல்லைக் கவனியுங்கள். நிலம் இரண்டாவது கை மாறிவிட்டால், உண்மையான உரிமையாளர் இன்றும் அதை இழக்கக்கூடும். ஆகவே காலம் முக்கியம். காலமான அப்பா பெயரிலேயே பல ஆண்டுகளாக விட்டு வைத்திருக்கும் நிலம், பிள்ளைகள் வெளியூரில் இருக்கக் கவனிப்பாரற்றுக் கிடக்கும் நிலம், இவைதான் மோசடிக்காரர்களுக்கு வசதி. பட்டா எண்ணோடு கொம்தாரில் இருக்கும் நில அலுவலகத்துக்குச் சென்று, கட்டணம் செலுத்தி, பதிவேட்டில் இன்று யார் பெயர் இருக்கிறது என்று தேடல் செய்து பாருங்கள். வேறு பெயர் இருந்தால் அன்றே வழக்கறிஞரைப் பார்த்து, கைமாற்றத்தைத் தடுக்கும் கேவியட் போடச் சொல்லுங்கள்.